ஒஸ்லோவிலை ஒரு பேர் சொல்லப் போனது

நான் நோர்வேக்குப் போய் வந்த நாள் துடக்கம் கோயிலடிப் பெண்டுகள் ஒரே ஆய்க்கினை. "அங்கை என்ன கண்டனீ, என்ன திண்டனீ, சொல்லு" எண்டு. ஒவ்வொருத்திக்கும் தனித்தனியாச் சொல்லி எனக்கு வாய் நோகுது. அதாலை ஒரேயடியாச் சொல்லிவிடுறன். எனக்கு எழுத்துத் தெரியாது, பெருவிரல் வைக்கிற ஆள். நான் சொல்லச் சொல்ல என்ரை தங்கச்சியின்ரை பேத்தி டிலானி எழுதுறாள். "உள்ளதை உள்ளபடி எழுதடி, பள்ளிக்கூடத் தமிழாக்கிப் போடாதை" எண்டு சொல்லிப்போட்டுத்தான் துடங்குறன்.

விசயம் ஒரு பேரிலைதான் துடங்கினது.

என்ரை ஒரே மகள் யசிந்தா ஒஸ்லோவிலை ஒரு இத்தாலிக்காரனைக் கட்டியிருக்கிறாள். மார்க்கோ எண்டு பேர், தங்கமான பெடியன். ரெண்டு பேரும் வயது போன ஆக்களைப் பாக்கிற இடத்திலை வேலை செய்யினம். மாசியிலை அவளுக்கு ஆம்பிளைப் பிள்ளை. ரெலிபோன் எடுத்துச் சொல்லுறாள்: "அம்மா, பிள்ளைக்கு மார்க்கோவின்ரை அப்பான்ரை பேர் வைக்கிறம். பஸ்குவாலே. எங்கடை அப்பான்ரை பேரும் அதுதானாம் அம்மா. பாஸ்கால் எண்டாலும் பஸ்குவாலே எண்டாலும் ஒண்டுதானாம். ஒரே பேரிலை ரெண்டு அப்பாவும் வந்திட்டினம்! நீங்கள்தான் ஞானத்தாய். உயிர்த்த ஞாயிறண்டு ஞானஸ்நானம். கட்டாயம் வரவேணும்."

எனக்கு முதலிலை சந்தோசம் தாங்கேல்லை. ரெலிபோனை வைச்ச பிறகுதான் யோசினை பிடிச்சுது.

ஏனெண்டால் நான் என்ரை மனிசன்ரை பேரைச் சொன்னதே இல்லை. முப்பத்தெட்டு வருசம் ஒரு பாயிலை படுத்து, ஒரு சட்டியிலை திண்டம். மற்ற ஆக்களோடை கதைக்கேக்கை "இவர்" எண்டுவன், இல்லாட்டி "யசிந்தான்ரை அப்பா". நேரை கூப்பிடுறதெண்டால் "இஞ்சேருங்கோ". கலியாணத்தண்டு மாமி என்னைக் குசினிக்குள்ளை கூட்டிக்கொண்டு போய்ச் சொன்னவ: "பிள்ளை, புருசன்ரை பேர் சொன்னா அவன்ரை ஆயுசு குறையும்." அண்டைக்குப் பூட்டின வாய். பேரிலை ஒரு துண்டு வாற சொல்லும் வராது. பெரிய கிழமையிலை எங்கடை பாசையூரிலை போடுற பாஸ்குக் கூத்து எனக்கு "அந்தக் கூத்து". பாஸ்காத் திரி எனக்குப் "பெரிய திரி". இப்ப இந்தப் பேர்களெல்லாம் எழுத்திலை வந்திருக்கெல்லோ, அது டிலானி தானாப் போட்டது. நான் "அது, அது" எண்டுதான் சொல்லுறன்.

இவர் போய் ஆறு வருசம். இனி எங்கை ஆயுசு குறையப் போகுது? ஆனாலும் வாய் வருதில்லை.

நான் போனது சமாதானப் பேச்சு நடந்த காலம். சண்டையிலை பூட்டிக் கிடந்த ரோட்டுத் திறந்திருந்தது. நோர்வேக்காரர்தான் நடுவிலை நிண்டு பேசுவிக்கினம். நான் வெளிக்கிடேக்கை பக்கத்து வீட்டு மரியம்மா படலையடியிலை நிண்டு சொல்லுறா, "போறது போறாய், உன்ரை மகளிட்டைச் சொல்லி மிச்சச் சமாதானத்தையும் ஒரு பையிலை போட்டுக்கொண்டு வா." நான் சொன்னன், "பையிலை இடமில்லையடி, சரக்குத்தூளும் ஒடியல் மாவும் பனங்கட்டியும்தான் கிடக்கு."

போன முதல்நாளே எனக்கும் அந்த ஊருக்கும் ஒரு கோளாறு. சித்திரை மாசம், இஞ்சை வெய்யில் மண்டையைப் பிளக்கும். அங்கை விமான நிலையத்துக்கு வெளியிலை வந்தா ஐஸ்பெட்டிக்குள்ளை தலையை விட்ட மாதிரி. மரத்திலை ஒரு இலை இல்லை. "எல்லாம் பட்டுப்போச்சோ பிள்ளை?" எண்டு கேட்டன். "இல்லையம்மா, நித்திரை" எண்டாள்.

வீடு மோர்டென்ஸ்ருட் எண்ட இடத்திலை. ரெயின் அங்கையோடை முடியுது. நிலத்துக்குக் கீழாலையும் மேலாலையும் ஓடுற ரெயின், ரீ-பானெ எண்டு சொல்லுவினம். மாடி வீடு. குசினி யன்னலாலை பாத்தா பைன் மரமும் பனியும், கீழை தமிழ்ப் பிள்ளையள் நோர்வே பாசையிலை சண்டை பிடிச்சுக்கொண்டு சறுக்குதுகள்.

விடியத் தேத்தண்ணியோடை மார்க்கோ ஒரு தட்டை நீட்டினான். மண்ணிறத்திலை ஒரு கட்டி. எனக்குக் கண்ணிலை தண்ணி வந்திட்டுது. "பனங்கட்டி! இஞ்சையும் கிடைக்குமோ!" எண்டு ஒரு துண்டை வாயிலை போட்டு, பிளேன்ரீயை ஒரு மிடறு குடிச்சன். மாதாவே! உப்பும் பாலும் இனிப்பும். சீஸாம். ஆட்டுப்பாலைக் காச்சிக் காச்சி எடுக்கிறதாம். துப்பவும் ஏலாது, மருமோன் பாத்துக்கொண்டு நிக்கிறான். விழுங்கினன். சும்மா சொல்லக்கூடாது, ஒரு கிழமையிலை அது இல்லாமல் எனக்குப் பாண் இறங்கேல்லை.

பிள்ளை எண்டால் பிள்ளை! இத்தாலி நிறம், எங்கடை கண். சிரிக்கேக்கை ஒரு பக்கம் வாய் கோணும், அப்பிடியே இவர்தான். நான் தூக்கி "என்ரை குஞ்சு, என்ரை ராசா, என்ரை அப்பு" எண்டு கொஞ்சினன். யசிந்தாவுக்கு ஒரு வித்தியாசமும் தெரியேல்லை, எல்லா அம்மம்மாமாரும் அப்பிடித்தானே.

மூண்டாம் நாள் சம்பந்தியார் வந்தினம். இத்தாலியின்ரை தெற்கிலை ஒரு கடற்கரை ஊராம். அவர் மெலிஞ்ச, நெடுத்த ஆள், சாம்பல் தொப்பி, முப்பது வருசம் ரெயில்வேயிலை வேலை செய்து பென்சன் எடுத்தவர். மனிசி றோசா குண்டு, குரல் எண்டால் கடலுக்குப் போன வள்ளத்தைக் கரைக்குக் கூப்பிடுற குரல். அவவும் என்னைப்போலை ஒரு பெட்டி நிறையச் சாமான். எண்ணெய், தக்காளி, உரலிலை இடிச்ச மாதிரி உறைப்பு மிளகாய். மிளகாயைக் கண்ட உடனை எனக்கு அவவிலை விருப்பம் வந்திட்டுது. ரெண்டு பேரும் ஒரே நேரத்திலை செத்தல் மிளகாய் பொரிச்சம். வீட்டு முகட்டிலை இருந்த புகை மணி ஊளையிடத் துடங்கிட்டுது. மார்க்கோ துவாயாலை விசுக்குறான், யசிந்தா யன்னல் திறக்குறாள், நாங்கள் ரெண்டு பேரும் இருமி இருமிச் சிரிக்கிறம்.

ஆனா ஒண்டு. அந்த மனிசி விடிஞ்சாப் பொழுதுபட்டா புருசன்ரை பேரைத்தான் கத்துவா. முழுப்பேரும் இல்லை, பாதியை விழுங்கிப்போட்டு, "பஸ்குவா!" கண்ணாடியைக் காணேல்லை, "பஸ்குவா!" உப்புக் காணாது, "பஸ்குவா!" அவர் எங்கை நிண்டாலும், "எக்கோமி!" எண்டு ஓடி வருவார். அதுக்கு "இந்தா நிக்கிறன்" எண்டு கருத்தாம். எனக்கு ஒவ்வொரு தரமும் நெஞ்சு பக்கெண்டும். இப்பிடிக் கூப்பிட்டும் மனிசன் எழுபது வயதுக்கு மேலை கல்லு மாதிரி நிக்கிறாரே, மாமி சொன்னது என்ன கணக்கு எண்டு யோசிச்சன்.

அண்டைக்குச் சாப்பாட்டு மேசையிலை அவர் அந்தப் பேரின்ரை கதையைச் சொன்னார். அவர் இத்தாலிப் பாசையிலை சொல்ல, மார்க்கோ நோர்வே பாசையிலை சொல்ல, யசிந்தா எனக்குத் தமிழிலை சொல்லவேணும். அவர் கையைக் காலை ஆட்டி ஒரு பெரிய பிரசங்கம் வைப்பார். எனக்கு வரேக்கை "நல்லதாம் அம்மா" எண்டு வரும். "முழுக்கச் சொல்லடி" எண்டு அதட்டின பிறகுதான் சொன்னாள்.

இயேசுநாதர் உயிர்த்த பண்டிகைக்கு அவையின்ரை பாசையிலை சொல்லுற பேர்தான் அந்தப் பேருக்கு வேராம். யூதர் எகிப்திலை இருந்து மீண்டு வந்த பண்டிகையின்ரை பேரிலை இருந்து வந்ததாம், அவ்வளவு பழசு. அந்தப் பண்டிகை நாளிலை பிறக்கிற ஆம்பிளைப் பிள்ளைக்கு அதைத்தான் வைப்பினமாம். அவரின்ரை பாட்டன்ரை பாட்டன் அப்பிடிப் பிறந்தவர். பிறகு நாளும் கிழமையும் பாக்கிறேல்லை. மூத்த பேரனுக்கு அப்பப்பான்ரை பேர், அவன்ரை பேரனுக்கு அவன்ரை பேர். ஒரு தலைமுறை விட்டு ஒரு தலைமுறை ஒரே பேர் வந்துகொண்டிருக்கும். பேரனுக்கு அந்தப் பேர் வைக்காட்டி, தகப்பனை வீட்டு வாசலிலை வைச்சு அறைஞ்ச மாதிரியாம்.

"என்ரை மூத்தவன் வடக்கிலை இருக்கிறான்," எண்டார். "அவன்ரை பிள்ளைக்கு ஏதோ படத்திலை வாற பேர். என்ரை பேர் கிழட்டுப் பேராம், தெற்கத்தையான்ரை பேராம், பள்ளிக்கூடத்திலை சிரிப்பினமாம். பேர் என்னோடை முடியுது எண்டுதான் இருந்தனான். இவன் வைச்சிட்டான்." அதைச் சொல்லிப்போட்டு மார்க்கோவின்ரை கன்னத்திலை ரெண்டு தட்டுத் தட்டினார்.

என்ரை மனிசனும் அப்பிடித்தான் பிறந்தவர். மாமி அந்தக் கூத்துப் பாத்துக்கொண்டிருக்கேக்கை, யூதாசு காசு வாங்கிற இடத்திலை நோவு கண்டதாம். நான் அதைச் சொல்லவேணும் எண்டு வாயைத் திறந்தன். எப்பிடிச் சொல்லுறது? பேரிலை வந்து முட்டுது. முகத்தைத் திருப்பிக்கொண்டு சோத்தைப் பிசைஞ்சன். சம்பந்தியார் என்னையே பாத்துக்கொண்டிருந்தவர். பாத்தவர் எண்டது எனக்குப் பிறகுதான் விளங்கினது.

பெரிய புதன்கிழமை ஞானஸ்நான உடுப்பு வாங்க எல்லாரும் பட்டணத்துக்குப் போனம். அடுத்தநாளிலை இருந்து கடையெல்லாம் பூட்டு. பண்டிகைக்கு நோர்வேச் சனம் கோயிலுக்குப் போறேல்லை, மலைக்குப் போகுதுகள். தோளிலை சறுக்குப் பலகை, பை நிறையத் தோடம்பழம். பனிக்குள்ளை இருந்து தோடம்பழம் தின்னுறதுதான் அவையின்ரை பெரிய கிழமையாம். நாங்கள் ஒருசந்தி இருந்து கஞ்சி குடிக்கிறம், பாருங்கோ.

திரும்பி வரேக்கை ஸ்ரேசனிலை சனமெண்டால் சனம். கதவு திறந்த உடனை சம்பந்தியார் என்ரை கையைப் பிடிச்சு ஏத்திப்போட்டார். பிள்ளை வண்டிலோடை மற்ற மூண்டு பேரும் ஏற முன்னம் கதவு பூட்டிட்டுது! யசிந்தா கண்ணாடிக்கு வெளியிலை நிண்டு கையைக் காட்டுறாள், ரெயின் வெளிக்கிட்டுட்டுது. எனக்கு எழுத்துத் தெரியாட்டியும் இலக்கம் தெரியும். எங்கடை ரெயின் மூண்டு. இது ரெண்டு. நான் அவருக்கு மூண்டு விரலைக் காட்டினன். இன்னும் மூண்டு ஸ்ரேசன் கிடக்கு எண்டு அவர் விளங்கிக்கொண்டு ஆறுதலாத் தலையாட்டினார். முப்பது வருசம் ரெயில்வேயிலை இருந்த ஆளுக்கு நான் என்னத்தைச் சொல்லுறது?

ரெயின் எங்கடை பக்கம் திரும்பாமல் வேறை பக்கம் போன பிறகுதான் மனிசன் எழும்பினார். ட்வெய்ட்டா எண்ட இடத்திலை இறங்கினம். வானம் முட்டுற மாடிகள், பக்கத்திலை ஒரு பெரிய கடைத்தொகுதி. அவரின்ரை கைபோன் பிள்ளை வண்டிலுக்குள்ளை. கடைக்குள்ளை கூட்டிக்கொண்டு போய் என்னை ஒரு வாங்கிலை இருத்திப்போட்டு, "இரு, வாறன்" எண்டு கையாலை காட்டிப்போட்டுச் சனத்துக்குள்ளை போனார்.

போனவர் வரேல்லை. பண்டிகைச் சனம் வண்டில் வண்டிலாச் சாமான் தள்ளுது. தூரத்திலை அந்தச் சாம்பல் தொப்பி மற்ற வாசல் பக்கம் போறது தெரியுது. நான் எழும்பி ஓடினன். கூப்பிடவேணும். எப்பிடிக் கூப்பிடுறது? கையைத் தட்டினன். "இஞ்சேருங்கோ!" எண்டு கத்தினன். கத்தின பிறகுதான் வெக்கம் வந்தது, ஆற்றையோ மனிசனை இஞ்சேருங்கோ எண்டு கூப்பிட்டுப் போட்டனே எண்டு.

ஒரு தமிழ்ப் பிள்ளை சாமான் வண்டிலோடை ஓடி வந்தாள். "அன்ரி, ஆரைத் தேடுறியள்?"

"சம்பந்தியாரைப் பிள்ளை. இத்தாலிக்காரர்."

"பேரைச் சொல்லுங்கோ, ஒலிபெருக்கியிலை கூப்பிடச் சொல்லுறன்."

"பேர் சொல்லேலாது பிள்ளை."

"தெரியாதோ?"

"தெரியும். சொல்லேலாது."

அவள் என்னை ஒரு மாதிரிப் பாத்தாள். அதுக்குள்ளை அவரே திரும்பிட்டார். நான் கையைத் தட்டிக்கொண்டு நிண்டதை நல்லாக் கண்டிட்டார். அந்தப் பிள்ளை என்ரை கைப்பையிலை யசிந்தா எழுதி வைச்ச நம்பரைப் பாத்துப் போன் எடுத்து, எங்களைச் சரியான ரெயினிலை ஏத்திவிட்டாள். அவர் வழி முழுக்க யன்னலாலை வெளியிலை பாத்துக்கொண்டு வந்தார். நான் பட்டணத்திலை வாங்கின ஒரு தோடம்பழத்தை உரிச்சு நீட்டினன். வாங்கினார், தின்னேல்லை. மடியிலை வைச்சிருந்தார்.

வீட்டை வந்து தொப்பியைக் கழட்ட முன்னமே மார்க்கோவிட்டை ஏதோ சொன்னார். மார்க்கோவின்ரை முகம் விழுந்து போச்சு. யசிந்தா என்னைக் குசினிக்குள்ளை கூட்டிக்கொண்டு போனாள், கண் கலங்கியிருக்கு.

"அம்மா, உங்களுக்கு இந்தப் பேர் பிடிக்கேல்லையோ? அவர் சொல்லுறார், நீங்கள் ஒருநாளும் பிள்ளையைப் பேர் சொல்லிக் கூப்பிடேல்லையாம். மேசையிலை அந்தக் கதை சொல்லேக்கை முகத்தைத் திருப்பினியளாம். இண்டைக்குக் கடையிலை அவரைப் பேர் சொல்லிக் கூப்பிட மனமில்லாமல், நாயைக் கூப்பிடுற மாதிரிக் கையைத் தட்டினியளாம். 'அந்த அம்மாவுக்கு விருப்பமில்லாட்டி வேண்டாம், வேறை பேர் வையுங்கோ, மூத்தவன் வைக்காததுதானே' எண்டு சொல்லுறார்."

நான் கத்தினன், "அடி விசரி! அது உன்ரை கொப்பான்ரை பேரெல்லோடி! நான் எப்பிடிச் சொல்லுறது?"

யசிந்தா நெத்தியிலை அடிச்சாள். "அம்மா! அது அப்பாவுக்கு மட்டும் எண்டெல்லோ நினைச்சனான்! பிள்ளைக்குமோ?"

"பேர் ஒண்டுதானேடி!"

அவள் நேரை முன்னறைக்குப் போய் எல்லாத்தையும் சொன்னாள். மார்க்கோ இத்தாலியிலை சொன்னான். றோசா முதலிலை வாயைப் பிளந்தா, பிறகு சோபா குலுங்கச் சிரிச்சா. "முப்பத்தெட்டு வருசம் பேர் சொல்லாமலோ? பேர் சொல்லாமல் புருசனை எப்பிடி ஏசுறது?" எண்டு கேட்டா. நான் சொன்னன், "பேர் சொல்லாமல் ஏசினா ரெண்டு மடங்கு ஏசலாம்." அதுக்கு எல்லாரும் சிரிச்சினம்.

சம்பந்தியார் சிரிக்கேல்லை. என்ரை பக்கத்திலை வந்து இருந்தார். மெல்லக் கேட்டார்: "உங்கடை மனிசன் ஒருக்காவும் தன்ரை பேரைக் கேக்க ஆசைப்படேல்லையோ?"

அதுக்குத்தான் நான் அந்தக் கதையைச் சொன்னன். மகளுக்கும் சொன்னதில்லை.

சண்டைக்குப் பயந்து எங்கடை ஊர்ச் சனமெல்லாம் இடம்பெயர்ந்து நாவற்குழிப் பாலத்தாலை போன அண்டு, மழை, இருட்டுக் கட்டின வானம், சனத்துக்கு மேலை சனம். இவர் சைக்கிளை உருட்டிக்கொண்டு முன்னாலை. ஒரு தள்ளிலை எனக்கும் அவருக்கும் இடையிலை ஐம்பது அறுபது பேர் வந்திட்டினம். நான் கத்தினன், "இஞ்சேருங்கோ! இஞ்சேருங்கோ!" எத்தினை ஆம்பிளையள் திரும்பிப் பாத்தினம்! எல்லாப் பெண்டுகளும் அதைத்தானே கத்துதுகள். இவர் மட்டும் திரும்பேல்லை. மூண்டு நாள் கழிச்சு ஒரு பள்ளிக்கூடத்திலை கண்டுபிடிச்சன். சொன்னார், "நீ கூப்பிட்டிருப்பாய் எண்டு தெரியும். ஆயிரம் இஞ்சேருங்கோவுக்குள்ளை எது உன்ரை எண்டு எப்பிடித் தெரியும்? பேரைச் சொல்லியிருந்தா திரும்பியிருப்பன்." சிரிச்சுக்கொண்டுதான் சொன்னவர். நான் சிரிக்கேல்லை.

மார்க்கோ இதைச் சொல்லி முடிக்கக் கொஞ்ச நேரம் எடுத்தது. சம்பந்தியார் அந்தத் தோடம்பழத்தை எடுத்து, ரெண்டாப் பிரிச்சு, எனக்குப் பாதி தந்தார். "பேர் இருக்கட்டும்," எண்டார். "நீங்கள் சொல்லத் தேவையில்லை. கோயிலிலை சுவாமியார் பிள்ளையின்ரை பேரைக் கேக்கேக்கை மார்க்கோ சொல்லட்டும்." சொன்னவர்தான், ஆனா குரலிலை ஒரு குறை இருந்தது. ஞானத்தாயின்ரை வாயிலை வராத பேர்தானே எண்ட குறை.

உயிர்த்த ஞாயிறு. சீலைக்கு மேலை கோட்டு, காலிலை யசிந்தான்ரை சப்பாத்து. கோயில் நிறைஞ்சு போச்சு. போலந்துக்காரர், பிலிப்பைன்ஸ்காரர், எங்கடை தீவார், மன்னார் ஆக்கள். மலைக்குப் போகாத சனமெல்லாம் அங்கைதான். சுவாமி வியட்நாம்காரர், நோர்வே பாசையிலை பூசை. எனக்கு ஒரு சொல்லும் விளங்கேல்லை, ஆனா எங்கை எழும்புறது, எங்கை முழங்காலிலை நிக்கிறது எண்டது பாசையூரிலையும் அங்கையும் ஒண்டுதானே. பெரிய திரி எரிஞ்சுகொண்டிருந்தது.

எங்களைத் தண்ணித்தொட்டியடிக்குக் கூப்பிட்டினம். குஞ்சு என்ரை கையிலை, நித்திரை. முதல் கேள்வி பேர்தான் எண்டு யசிந்தா சொல்லித் தந்திருந்தவள். சுவாமி கேட்டார்.

மார்க்கோ வாயைத் திறந்தான். சத்தம் வரேல்லை. கண்ணாலை கண்ணீர் ஓடுது. யசிந்தா அவனைப் பாத்து அவளும் அழத் துடங்கிட்டாள். சுவாமி பொறுத்துப் பாத்தார். பிறகு பிள்ளையை வைச்சிருக்கிற என்னைப் பாத்தார்.

நான் முன் வாங்கிலைப் பாத்தன். சம்பந்தியார் தொப்பியை முழங்காலிலை வைச்சு, அதையே பாத்துக்கொண்டிருக்கிறார். தலை நிமிரேல்லை. என்ரை வாயாலை அந்தப் பேரைக் கேக்கப் போறதில்லை எண்டு ஆயத்தமா இருக்கிற மாதிரி.

எனக்குப் பாலம் ஞாபகம் வந்தது. அந்த முதுகு, அந்தச் சைக்கிள்.

வாயைத் திறந்தன். பயத்திலை குரல் எனக்கே தெரியாமல் பெருத்துப் போச்சு, பேரின்ரை பாதி தொண்டையிலை நிண்டிட்டுது.

"பஸ்குவா!"

கோயில் முழுக்க எதிரொலிச்சுது.

"எக்கோமி!" எண்டு முன் வாங்கிலை இருந்த மனிசன் பதறி எழும்பினார். தொப்பி கீழை விழுந்தது. இந்தா நிக்கிறன் எண்டு, ரெண்டு கையையும் தொங்கவிட்டுக்கொண்டு, கண்ணை முழிச்சு என்னையே பாத்துக்கொண்டு நிக்கிறார்.

சனமெல்லாம் சிரிக்குது. றோசா அவரின்ரை கோட்டைப் பிடிச்சு இழுக்கிறா. சுவாமியும் வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கிறார். குஞ்சு முழிச்சு, ஒரு பக்கம் வாயைக் கோணி என்னைப் பாக்கிறான். எனக்கு ஒண்டும் கேக்கேல்லை. அவ்வளவு சனத்துக்குள்ளையும், கூப்பிட்ட உடனை, ஒரே ஒரு ஆள்தான் திரும்பினது.

நான் அவரைப் பாத்துச் சொன்னன், தமிழிலைதான்:

"ஒண்டுமில்லை, இருங்கோ. சும்மா ஒருக்காக் கூப்பிட்டுப் பாத்தனான்."